வீடு வாங்கப் போறீங்களா? ஆயில் டேங்க்குக்கு வயசு என்னன்னு கேட்டீங்களா?

நியூ ஜெர்சியில வேலை பாக்குற ஒரு சப்ஸ்கிரைபர் இப்படிக் கேட்டிருந்தார்: "சார், ஒரு வீடு பிடிச்சிருக்கு. பேஸ்மென்ட்ல பழைய ஹீட்டிங் ஆயில் டேங்க் இருக்கு. 'நல்லாத்தான் ஓடுது'ன்னு ஏஜென்ட் சொல்றார். நம்பலாமா?"

நம்புறதுக்கு முன்னாடி கணக்கு போட்டுப் பாருங்க.

அமெரிக்காவின் வடகிழக்கு மாநிலங்கள்ல, கேஸ் பைப் வராத பல வீடுகளைக் குளிர்காலத்துல சூடாக்குறது ஹீட்டிங் ஆயில்தான். லாரி வந்து டேங்க்கை நிரப்பிட்டுப் போகும். வழக்கமான அளவு 275 கேலன், அதாவது சுமார் 1,040 லிட்டர். பெரும்பாலும் ஸ்டீல் டேங்க்தான்.

ஏன் கெட்டுப் போகுது?

டேங்க் உள்ளே இருக்கிற காத்துல உள்ள ஈரம் குளிர்ந்து தண்ணியாகும். தண்ணி எண்ணெயை விட கனம், அதனால அடியில தங்கிடும். அங்கே கசடும் சேர்ந்து, துரு உள்ளேயிருந்து அரிக்கும். வெளியே பெயின்ட் பளபளன்னு இருக்கும், அடித்தகடு மட்டும் மெலிஞ்சுகிட்டே போகும். வீட்டுக்குள்ள இருக்கிற டேங்க் பொதுவா 20 முதல் 30 வருஷம் தாங்கும். மழையிலயும் பனியிலயும் வெளியே நிக்கிறது அதுக்கு முன்னாடியே போயிடலாம்.

மாசம் எவ்வளவு ஒதுக்கணும்?

கம்பெனிக் கணக்குல தேய்மானம்னு சொல்வோமே, அதே லாஜிக்தான். மாத்துற செலவு 3,000 டாலர், ஆயுள் 25 வருஷம்னு வச்சுக்கோங்க. டேங்க்குக்கு இப்போ வயசு 15னா, மிச்சம் 120 மாசம். மாசம் 25 டாலர் ஒதுக்கினா போதும். வயசு 24னா? மிச்சம் 12 மாசம்தான், மாசம் 250 டாலர்! அந்த 24 வருஷத்தை அனுபவிச்சது பழைய ஓனர். அப்போ அதை விலையில குறைச்சுத் தரச் சொல்லிக் கேக்குறதுல தப்பே இல்லை.

பராமரிப்பு

1. வருஷா வருஷம் பாய்லர் சர்வீஸ் பண்ணும்போது டேங்க்கின் அடிப்பாகம், கால்கள், ஃபில்டர் எல்லாத்தையும் பாக்கச் சொல்லுங்க. தகடு எவ்வளவு மெலிஞ்சிருக்குன்னு அல்ட்ராசவுண்ட்ல அளக்க முடியும்.
2. கோடையில டேங்க்கைக் காலியா விடாதீங்க. காலி இடம் குறைஞ்சா உள்ளே ஈரம் சேர்றதும் குறையும்.
3. எண்ணெய் நிரப்பும்போது விசில் சத்தம் வரணும், நிறைஞ்சதும் நிக்கணும். சத்தமே வரலைன்னா நிரப்பக் கூடாது.
4. காங்கிரீட்டுக்குள்ள போற செம்புக் குழாய்க்குப் பாதுகாப்பு உறை இருக்கான்னு பாருங்க. இந்த உறை அல்லது ஒரு பாதுகாப்பு வால்வு கட்டாயம்னு மாசசூசெட்ஸ்ல சட்டமே இருக்கு. அதுக்குக் கொடுத்த கெடு 2011 செப்டம்பர்லயே முடிஞ்சாச்சு.

பெரிய ஆபத்து மண்ணுக்குள்ள

பழைய வீடுகள்ல டேங்க்கைத் தோட்டத்துல புதைச்சிருப்பாங்க. அது கசிஞ்சா யாருக்கும் தெரியாது. மண்ணைச் சுத்தம் பண்ற செலவு பல ஆயிரம் டாலர், நிலத்தடி நீர் வரைக்கும் போயிட்டா அதுக்கும் பல மடங்கு மேலே. சாதாரண ஹோம் இன்ஷூரன்ஸ் பாலிசிகள்ல பெரும்பாலும் இந்த மாசுக்கு கவரேஜ் கிடையாது. வீடு இப்போ கேஸுக்கு மாறியிருந்தாலும் பழைய டேங்க் அடியிலேயே கிடக்கலாம். சுவர் ஓரமா காரணமே இல்லாம ஒரு குழாய் நீட்டிகிட்டு இருந்தா சந்தேகப்படுங்க. கையெழுத்துப் போடுறதுக்கு முன்னாடி 'டேங்க் ஸ்வீப்' எடுங்க. கருவி வச்சு தோட்டம் முழுக்கத் தேடிப் பாக்குற சோதனை அது. அதுக்கு ஆகுற சில நூறு டாலரைச் செலவா நினைக்காதீங்க, அது உங்க டவுன் பேமென்ட்டுக்குக் காவல்.

அந்த சப்ஸ்கிரைபருக்கு நான் சொன்னதும் இதுதான்: "'நல்லாத்தான் ஓடுது'ங்கிறது பதில் இல்லை. போட்ட வருஷம் என்ன, கடைசியா சோதிச்சது எப்போன்னு எழுத்துல வாங்குங்க. அப்புறம் விலை பேசலாம்."