வணிகரும் நடைப்பயிற்சியும்

காலை 6 மணிக்குக் கடை திறந்து இரவு 9 மணிக்குச் சாத்துகிறோம். நாள் முழுவதும் நின்றுகொண்டுதானே இருக்கிறோம், தனியாக உடற்பயிற்சி எதற்கு என்று நாமும் பல ஆண்டுகள் சொல்லி வந்தோம். நிற்பது வேறு, நடப்பது வேறு. நின்றபடியே இருந்தால் இரத்தம் காலில் தேங்கும். நடக்கும்போதுதான் கெண்டைக்கால் சதை சுருங்கி விரிந்து அதை மேலே தள்ளுகிறது.

சில ஆண்டுகளுக்கு முன் துவரம் பருப்பு மூட்டையை நகர்த்தக் குனிந்தபோது நமக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. பத்து நாள் கல்லாவில் மகன்தான். பயிற்சி சொல்லித்தருபவர் முதலில் நம்மை நடக்கச் சொல்லிப் பார்த்தார். வலது கை அசையவே இல்லை! 40 ஆண்டுகளாகப் பணப்பையை அக்குளில் இடுக்கி நடந்த பழக்கம்.

அவர் விளக்கியது இதுதான். இயல்பான நடையில் வலது கால் முன்னே போகும்போது இடது கை முன்னே வரும். இடுப்பு ஒரு பக்கம் திரும்ப, மார்பு எதிர்ப்பக்கம் திரும்பும். இந்த முறுக்கலில்தான் வயிற்றுச் சதையும் முதுகுச் சதையும் வேலை செய்கின்றன. கையைக் கட்டிவிட்டால் அந்த வேலை குறைந்துவிடும். அதனால்தான் இப்போது இரும்பு தூக்குவதோடு நிற்காமல், மனிதனின் நடையையும் ஓட்டத்தையும் அடிப்படையாக வைத்தே பயிற்சி அமைக்கிறார்கள்.

லண்டன் மாடி பஸ் ஊழியர்களை ஆராய்ந்து ஜெர்ரி மோரிஸ் என்ற மருத்துவர் 1953-ல் முடிவுகளை வெளியிட்டார். உட்கார்ந்தே ஓட்டும் டிரைவர்களைவிட, நாளெல்லாம் படி ஏறி இறங்கும் கண்டக்டர்களுக்கு மாரடைப்பு குறைவு. கல்லாவில் அமர்ந்திருக்கும் நாம் எந்தப் பக்கம் என்று சொல்ல வேண்டியதில்லை. நம் தேவாரத்திலிருந்து சாக்குலூத்து மெட்டு ஏறி ஏலத்தோட்ட வேலைக்குப் போனவர்களை நாம் இளம் வயதில் பார்த்திருக்கிறோம். அந்த ஏற்றத்தில் நம்மால் இன்று கால் பங்குகூடப் போக முடியாது.

வாரத்துக்கு 150 முதல் 300 நிமிடம் மிதமான உழைப்பு வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 2020-ல் வெளியிட்ட வழிகாட்டுதல் கூறுகிறது. வாரம் ஐந்து நாள், நாளுக்கு அரை மணி என்றால் 150 ஆகிவிடும். இரண்டு கையும் காலியாக இருக்கட்டும். கை தோளிலிருந்து ஆடட்டும், பார்வை எதிரே இருக்கட்டும். ஒரு மாதம் பழகிய பிறகு இடையிடையே இருபது முப்பது அடி மெல்ல ஓடலாம். ஓடும்போது ஒவ்வொரு அடிக்கும் உடல் எடையைப்போல் இரண்டு மூன்று மடங்கு பாரம் காலில் இறங்கும். சர்க்கரை, இரத்த அழுத்தம், மூட்டு வலி உள்ளவர்கள் டாக்டரைக் கேட்காமல் ஓட வேண்டாம்.

இப்போது பாக்கி வசூலுக்கு வண்டி எடுப்பதில்லை, நடந்தே போகிறோம். பணப்பை மகனிடம். நாம் வருவதைப் பாக்கிக்காரர் தூரத்திலேயே பார்த்துவிடுகிறார் என்பது ஒன்றுதான் நஷ்டம்.