தீ மூட்டாத நகரம்

சிரஞ்சீவி மருமகனுக்கு, உன் அம்மாவுக்கு முழங்கால் வலி தேவலையா என்பதை அடுத்த கடிதத்திலாவது மறவாமல் எழுது.

நீ அனுப்பிய ஆழ்கடல் மாந்தர் நாவலின் முதல் ஐந்து அத்தியாயங்களையும் இரண்டு தடவை வாசித்தேன். முதல் தடவை உன்மேல் உள்ள வாஞ்சையால், இரண்டாம் தடவை, முப்பது வருஷ காலம் பூகோள பாடம் சொல்லிக்கொடுத்தவனை விடாத பழக்கத்தால், சிவப்புப் பென்சிலோடு. நாலாயிரம் மீட்டர் ஆழத்தில் ஒரு ராஜ்யத்தை ஸ்தாபித்து, அதற்கு முத்து இழைத்த அரண்மனையும், கொல்லன் உலையில் காய்ச்சி அடித்த வாளும், கொலுமண்டபத்தில் தீபவரிசையும் தாராளமாகக் கொடுத்திருக்கிறாய். அத்தனையையும் நான் அடித்திருப்பதைக் கண்டு உனக்குக் கோபம் வரும். வரட்டும், அது தணிந்த பிறகு மேலே படி.

கற்பனைக்குக் கணக்கு ஏது என்று கேட்பாய். நீ கற்பனை செய்யவில்லை என்பதே என் ஆட்சேபம். உன் ராஜாவின் வாலை மட்டும் நீக்கிவிட்டால், அவர் எந்தச் சரித்திரத் தொடர்கதையிலும் தடையின்றி உலாவக்கூடிய ராஜாதான். ஆயிரம் மீட்டருக்குக் கீழே சூரிய கிரணம் இறங்குவதில்லை. பத்து மீட்டருக்கு ஒரு வளிமண்டலம் வீதம் அழுத்தம் ஏறி, உன் தலைநகரில் நானூறு வளிமண்டலப் பாரம் அழுத்தும். ஜலம் உறைநிலைக்கு இரண்டு மூன்று டிகிரி மேலே நிற்கும். எல்லாவற்றுக்கும் மேலாக, அங்கே தீ மூட்ட முடியாது. தீ இல்லாத இடத்தில் உலையும் சட்டியும் செங்கல்லும் இரும்பும் சமைத்த சோறும் ஏது? முத்தும் சிப்பியுமோ சுண்ணாம்பு வஸ்து. ஏறத்தாழ 4,500 மீட்டருக்குக் கீழே, சமுத்திரத்தின் பல பாகங்களில், அது தங்காமல் மெல்லக் கரைந்துபோகும். (உன் ராஜா இன்னும் சற்று ஆழத்தில் குடியேறினால், தாத்தா கட்டிய அரண்மனை பேரன் காலத்தில் தேய்ந்துகொண்டிருக்கும். யோசித்துப் பார், இதுவே ஒரு கதை!)

எச்.ஜி. வெல்ஸ் 1896-ல் ஒரு சிறுகதை எழுதினார். உருக்குக் கோளத்தில் இறங்கும் ஒருவன் கடலடியில் ஒரு ஜனக்கூட்டத்தைக் காண்கிறான். மூழ்கிய கப்பல்களின் மரத்தையும் இரும்பையும், மாண்ட மாலுமிகளின் எலும்பையும் கொண்டு வீடு கட்டியிருக்கும் அவர்கள், மேலிருந்து வந்தவன் என்பதற்காகவே அவனை வணங்குகிறார்கள். பீப், பார்ட்டன் என்னும் இருவர் பெர்முடாவுக்கு அப்பால் மெய்யாகவே ஓர் உருக்குக் கோளத்தில் 923 மீட்டர் இறங்கியது 1934-ல்தான். அதற்கு எத்தனையோ வருஷம் முன்பே வெல்ஸ் ஒரு விஷயத்தைப் பிடித்துவிட்டார்: சகலமும் மேலிருந்து விழுகிற தேசத்தில் தெய்வம் வேறு எங்கே இருக்கும்?

ஆகவே சிம்மாசனத்தை ஒத்திவைத்துவிட்டு, உன் ஜனங்கள் எதைத் தின்கிறார்கள் என்பதை முதலில் தீர்மானம் செய். 1977-ல் காலபகோஸ் தீவுகளின் அருகே, ஏறக்குறைய 2,500 மீட்டர் ஆழத்தில், ஆல்வின் என்னும் நீர்மூழ்கியில் இறங்கியவர்கள், பூமியின் பிளவிலிருந்து கசியும் வெந்நீர் ஊற்றுகளைச் சுற்றி உயிர்கள் மொய்த்துக் கிடக்கக் கண்டார்கள். வாயும் குடலும் இல்லாமல், உடம்புக்குள் குடியிருக்கும் பாக்டீரியாக்கள் கந்தக வாயுவைக் கொண்டு ஆக்கிப் போடுவதை உண்டு, ஆள் உயரத்துக்கு வளரும் குழாய்ப் புழுக்கள் அங்கே இருக்கின்றன. சூரியனை நம்பாத வயல் அது. ஆனால் இவ்வூற்றுகளில் பல, சில பத்து வருஷங்களில் குளிர்ந்து அடங்கிவிடுகின்றன. அப்படியானால் உன் கடல்மாந்தரின் ஊர் ஒவ்வொன்றும் சாவு நிச்சயிக்கப்பட்ட ஊர். அங்கே பெண் கொடுக்கிறவன் குலம் கோத்திரம் விசாரிக்கமாட்டான். மாப்பிள்ளை ஊர் ஊற்றுக்கு வயது என்ன என்றுதான் விசாரிப்பான். ராஜாவைக் காட்டிலும், இருளில் நீரை ருசித்தே புது ஊற்றைக் கண்டுபிடிக்கும் கிழட்டு ஒற்றனுக்கு மரியாதை அதிகம் இருக்கும். இடையில் ஒரு திமிங்கிலம் செத்து விழுந்தால் அதன் எலும்புகூடப் பல பத்தாண்டு பல ஜீவராசிகளுக்குச் சோறு போடும்; அது இரண்டு ஊர்களுக்கு நடுவே விழுந்துவிட்டால் வரும் எல்லைத் தகராறு உன் வாள் சண்டை நாலுக்குச் சமம்.

பாஷையைப் பற்றி ஒரு வார்த்தை. உன் பூசாரி மூன்று இடங்களில் ‘ஞான ஒளி’ என்கிறார், மூன்றையும் அடித்தேன். தூண்டில் மீன் தன் நெற்றியில் விளக்கைத் தொங்கவிடுவது வழிகாட்டுவதற்கா? அந்த இருட்டில் வெளிச்சத்தை நம்பிப் போனவர்களில் பல பேர் திரும்பியதில்லை. நமக்கு ஞானமாகிய சொல் உன் கடல்மாந்தருக்கு வஞ்சகமாக இருக்கும். எந்தத் தாயும் குழந்தைக்கு ஜோதி என்று பெயர் வைக்கமாட்டாள். அவர்கள் நம்புவது சப்தத்தைத்தான். நீரில் அது வினாடிக்குச் சுமார் 1,500 மீட்டர், காற்றில் போவதைப் போல நாலு மடங்குக்கு மேல் ஓடுகிறது.

மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு கிழவி கறுப்புக் கல்லொன்றைக் காதருகே வைத்துக்கொண்டு பேசாமல் இருக்கிறாளே, அந்தப் பக்கத்தில் மட்டும் பென்சில் படவில்லை. அது என்ன கல் என்று நீ சொல்லவில்லை, நான் சொல்கிறேன். கடலடிச் சமவெளியில் உருளைக்கிழங்கு அளவில் மாங்கனீஸ் கட்டிகள் கிடக்கின்றன. சிலவற்றின் நடுவில் ஒரு சுறாப்பல் இருக்கும், அதைச் சுற்றிப் பத்து லட்சம் வருஷத்துக்குச் சில மில்லிமீட்டர் வீதம் படிந்து அவை வளர்ந்திருக்கும். அவள் கையில் இருப்பது அதுவாகவே இருக்கட்டும். ஊற்று குளிர்ந்து ஊர் கலைகிற அன்று, அவள் பேத்தி அந்தக் கல்லைச் சுமந்துகொண்டு போகிறாளா, கிழவியோடு அங்கேயே விட்டுவிட்டுப் போகிறாளா? அதைத் தெரிந்துகொள்ள எனக்கு அவசரமாக இருக்கிறது. பிரதியைப் பதிவுத் தபாலில் சேர்த்திருக்கிறேன். அடுத்த அத்தியாயத்தைச் சற்றுப் பெரிய எழுத்தில் எழுதி அனுப்பு, கண் முன்போல் இல்லை.

இப்படிக்கு,
உன் மாமா