வெற்றி தோல்வியில் சமநிலை

வெற்றியையும் தோல்வியையும் சமமாகக் கருதிப் போருக்கு எழுமாறு பகவான் அர்ஜுனனுக்குக் கூறுகிறார் (கீதை, 2.38). 'எது நடந்தாலும் கவலையில்லை' என்று இதற்குப் பொருள் கொள்வோர் பலர். 'போருக்கு எழு' என்ற கட்டளையை அவர்கள் மறந்துவிடுகின்றனர்.

கோலார் தங்க வயலின் சாம்பியன் ரீஃப் சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் அதிகமான ஆழம் கொண்டது. அங்கிருந்து மேலே ஏற்றிய ஒரு டன் பாறையில் கிடைத்ததோ பிற்காலத்தில் சில கிராம் பொன்தான். பொன் குறைவு என்பதற்காகத் தொழிலாளி தாங்குகட்டைகளை அலட்சியமாக நிறுத்த முடியாது. பாறை வெடித்தால் உயிர் போய்விடும். 2001-ல் சுரங்கங்கள் மூடப்படும்வரை அங்கு உழைத்தோரில் பெரும்பாலோர் தமிழர். பலன் சிறுத்தபோதும் கவனம் சிறுக்காத உழைப்பு அவர்களுடையது.

அந்த வயலைத் தன்னுள் கொண்ட மைசூரின் கிரிக்கெட் அணிக்கும் இத்தகைய சோதனை வாய்த்தது. 1941-42 ரஞ்சிக் கோப்பை இறுதியாட்டத்தில் பம்பாயிடம் இன்னிங்ஸ் தோல்வி. 1959-60-ல் மீண்டும் இறுதியாட்டம். மீண்டும் அதே பம்பாய். மீண்டும் இன்னிங்ஸ் தோல்வி! பம்பாயோ 1958-59 முதல் தொடர்ந்து 15 முறை கோப்பையை வென்றது. அவ்வாண்டுகளில் பிற அணியினர் ஊக்கம் குன்றாமல் களமிறங்கியதே ஒரு சாதனை எனலாம். பழைய தோல்விகளின் கணக்கைப் பந்து அறியாது. ஆடுபவனின் மனமே அதைச் சுமக்கிறது.

1973-74-ல், கர்நாடகம் என்று பெயர் மாறிய மாநிலத்தின் அணி, பிரசன்னாவின் தலைமையில் பெங்களூர் அரையிறுதியில் பம்பாயைச் சந்தித்தது. விஸ்வநாத் 162 ஓட்டங்கள் எடுத்தார். முதல் இன்னிங்ஸில் கர்நாடகம் 385, பம்பாய் 307. அந்த முன்னிலையே ஆட்டத்தை முடிவு செய்தது. பின்னர் ஜெய்ப்பூரில் ராஜஸ்தானை வென்று, அவர்கள் முதன்முறையாகக் கோப்பையைக் கொண்டுவந்தனர்.