மலையிறங்கும் நீர் தானாகத் தூய்மையாகுமா?

கேள்வி: கொடைக்கானலின் கழிவுநீர் ஓடைகளில் கலந்தாலும், பாறைகளில் மோதி அருவியாக விழுந்து, வெள்ளகவி போன்ற சரிவுக் கிராமங்களையும் கும்பக்கரையையும் அடைவதற்குள் தெளிந்து தூய்மையாகிவிடும் என்று கூறப்படுவது சரியா?

பதில்: ஓரளவுக்கு மட்டுமே சரி. கழிவுநீரிலுள்ள மலம், உணவு மிச்சம், சோப்புக் கழிவு ஆகியவற்றை நீரில் வாழும் பாக்டீரியாக்கள் சிதைக்கும்போது, நீரில் கரைந்துள்ள ஆக்சிஜனை அவை செலவழிக்கின்றன. அவ்வாறு செலவாகும் ஆக்சிஜனின் அளவு ‘உயிர்வேதி ஆக்சிஜன் தேவை’ எனப்படுகிறது. சுத்திகரிக்கப்படாத வீட்டுக் கழிவுநீரில் இது பொதுவாக லிட்டருக்கு 200 முதல் 300 மில்லிகிராம் வரை இருக்கும். குளிப்பதற்குரிய ஆற்றுநீரிலோ 3 மில்லிகிராமைத் தாண்டக்கூடாது என்பது மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் வரையறை. நீர் பாறையில் மோதிச் சிதறும்போது காற்றிலுள்ள ஆக்சிஜன் அதில் விரைந்து கரைவதால், ஆக்சிஜன் பற்றாக்குறை என்ற இந்த ஒரு குறையை அருவிகள் பெருமளவு ஈடுசெய்கின்றன. நாற்றம் குறைவதும் அதனால்தான்.

ஆனால் நோய்க்கிருமிகளை அருவி கொல்வதில்லை. வெயில், பிற நுண்ணுயிர்கள், மணலின் வடிகட்டும் தன்மை ஆகியவற்றால் அவை ஆற்றில் படிப்படியாக அழிவதற்குக் காலம் வேண்டும். மலைச்சரிவு அந்தக் காலத்தைத் தருவதில்லை. கொடைக்கானல் ஏறத்தாழ 2,100 மீட்டர் உயரத்திலும் பெரியகுளத்துச் சமவெளி 300 மீட்டர் அளவிலும் இருக்க, வட்டக்கானல் பக்கமிருந்து இறங்கும் பாம்பாறு இவ்வளவு இறக்கத்தையும் குறுகிய தொலைவிலேயே கடந்து கும்பக்கரை அருவியாகிறது. சோலைக்காட்டு நிழலில் ஓடும் குளிர்ந்த நீரில் குடல்வாழ் பாக்டீரியாக்களும் நச்சுயிரிகளும் வெதுவெதுப்பான நீரில் இருப்பதைவிட நீண்ட காலம் உயிரோடிருக்கும் என்பதையும் சேர்த்து நோக்கினால், ‘ஓடுகிற தண்ணீர் கெடாது’ என்ற நம்பிக்கை சமவெளி ஆறுகளைவிட மலை ஓடைகளில்தான் அதிகம் பொய்க்கிறது என்று கொள்ள வேண்டும். வாந்திபேதி, டைபாய்டு ஆகியவற்றின் கிருமிகள், மஞ்சள்காமாலையை உண்டாக்கும் ஹெபடைடிஸ் ஏ, ஈ நச்சுயிரிகள் ஆகிய யாவும் கண்ணாடி போன்ற நீரிலும் பயணம் செய்யக்கூடியவை.

தேங்கும் நீரின் கதை வேறு. லெவிஞ்ச் என்ற ஆங்கிலேய அதிகாரி 1863-இல் ஓடையை மறித்து உருவாக்கிய கொடைக்கானல் ஏரியில், கழிவுநீரோடு வரும் நைட்ரஜனும் பாஸ்பரசும் உரமாகித் தங்குவதால், பாசியும் நீர்க்களைகளும் பெருகி, அவை மடிந்து அழுகும்போது ஆக்சிஜனைத் தீர்த்துவிடுகின்றன. இதையே ‘மிகை ஊட்டமுறுதல்’ என்பர். களையை மட்டும் இயந்திரத்தால் அகற்றி, அதற்கு ஊட்டம் தரும் கழிவுநீரை நிறுத்தாமல் விடுவது முடிவில்லாத வேலை. அந்த ஏரியின் உபரி நீரே மலைச்சாலையோர வெள்ளி அருவியாக விழுகிறது.

மாசின் அளவைக் காட்டுவதில் ஆய்வுக்கூடத்துக்கு இணையான சாட்சிகள் ஓடைக் கற்களின் அடியிலேயே உண்டு. மேஃப்ளை, ஸ்டோன்ஃப்ளை போன்ற பூச்சிகளின் இளம்புழுக்கள் ஆக்சிஜன் நிறைந்த தூய நீரில் மட்டுமே வாழ்வதால், கழிவுநீர் வந்ததும் முதலில் மறைபவை அவையே. அவற்றின் இடத்தில், குறைந்த ஆக்சிஜனையும் தாங்கும் சிவப்பு நிறப் புழுக்கள் பெருகுகின்றன. பூச்சிகள் குறையும்போது அவற்றைத் தின்னும் ஓடைமீன்களும் தவளைகளும் குறைகின்றன.

கேள்வி: விடுதிகளில் செப்டிக் டேங்க் இருக்கும்போது கழிவுநீர் ஓடைக்கு எப்படி வரும்?

பதில்: செப்டிக் டேங்க் என்பது கசடை அடியில் படியவைக்கும் தொட்டியே தவிர, முழுமையான சுத்திகரிப்பு நிலையம் அன்று. அதிலிருந்து வெளியேறும் நீரில் கிருமிகள் பெரும்பாலும் அப்படியே இருப்பதால், அந்நீர் உறிஞ்சுகுழி வழியாக ஆழமான மண்ணில் இறங்கி வடிகட்டப்பட வேண்டும். கொடைக்கானல் அமைந்துள்ள பழனிமலையின் அடித்தளமோ சார்னோகைட் என்னும் கடும்பாறை. மண் மெலிந்த இடங்களில் வடிநீர் பாறை வெடிப்புகள் வழியே வடிகட்டப்படாமலே ஓடி, சரிவின் கீழே ஊற்றாகவும் கசிவாகவும் வெளிப்படுகிறது. சுற்றுலாப் பயணிகள் திரளும் ஏப்ரல், மே மாதங்களில் கழிவுநீர் மிகுகிறது. நீண்ட வறண்ட மாதங்களைக் கடந்து வருவதால் ஓடைகளில் நீர் மிகக் குறைந்திருப்பதும் அப்போதுதான். கோடைமழையின் முதல் வெள்ளம் அதுவரை தேங்கியதையெல்லாம் ஒரே நாளில் அடித்துக்கொண்டு இறங்குகிறது. நீர் மாசுத் தடுப்புச் சட்டம் 1974 முதலே நடைமுறையில் இருந்தும், தொட்டியைக் கட்டியதோடு கடமை முடிந்தது என்ற எண்ணம் மாறியதாகத் தெரியவில்லை.

கேள்வி: வெள்ளகவியில் மக்கள் எவற்றில் கவனமாக இருக்க வேண்டும்?

பதில்: ஊற்றுநீரானாலும் ஓடைநீரானாலும் கொதிக்கவைத்தே குடிக்க வேண்டும். உயரம் கூடக்கூட நீர் குறைந்த வெப்பநிலையிலேயே கொதிக்கும். கொடைக்கானல் உயரத்தில் அது ஏறத்தாழ 93 பாகை செல்சியஸ். ஆகவே அவ்வுயரத்தில் நீர் தளதளவென்று கொதித்தபின் மூன்று நிமிடமாவது அடுப்பில் இருப்பது நல்லது. படிகாரம் கலங்கலைப் படியவைக்கும்; ஆனால் அது கிருமிகளைக் கொல்லும் என்று நம்ப முடியாது.

வெள்ளகவியில் ஊருக்குள் செருப்பு அணியாத வழக்கம் இருப்பதால் இன்னொன்றையும் கூற வேண்டியுள்ளது. மலம் கலந்த ஈரமண்ணில் வளரும் கொக்கிப்புழுவின் இளம்புழு வெறுங்காலின் தோலைத் துளைத்து உடலுக்குள் சென்று, குடலில் இரத்தத்தை உறிஞ்சிச் சோகையை உண்டாக்கும். இதற்காக வழக்கத்தைக் கைவிட வேண்டியதில்லை. மண்ணில் மலம் சேராதவாறு, ஊற்றுகளுக்குக் கீழ்ப்புறமாகவும் தொலைவிலும் அமைந்த கழிப்பறைகளை அனைவரும் பயன்படுத்தினால் போதும். நீரில் மலக்கலப்பு உண்டா என்பதை ஹைட்ரஜன் சல்ஃபைடு குப்பிச் சோதனை காட்டும். குப்பியிலுள்ள நீர் கறுத்தால் அந்நீர் ஐயத்துக்குரியது. தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியத்தின் மாவட்ட ஆய்வகத்திலும் மாதிரியைக் கொடுத்துச் சோதிக்கலாம். கோடைமழை தொடங்கிய முதல் வாரத்தில் எடுக்கும் மாதிரியே மிகவும் பயனுள்ளது.