பாறை எதை வளைக்கிறது? மிகுபுனைவு எழுதுவோருக்குச் சில யோசனைகள்

மிகுபுனைவு எழுதத் தொடங்குபவர்களின் கதைகளில் மர்மப் பாறை ஒன்று அடிக்கடி வருகிறது. அதன் அருகே போனால் காலம் நின்றுவிடும், இறந்தவர்கள் பேசுவார்கள், கற்கள் மிதக்கும், வானம் நிறம் மாறும். எல்லாம் ஒரே பத்தியில் நடந்து முடிந்துவிடும். ஆனால் வாசகருக்கு வியப்பே வராது. எதுவும் நடக்கலாம் என்று ஆகிவிட்ட இடத்தில் எது நடந்தாலும் ஒன்றுதான். உங்கள் பாறை ஒன்றை மட்டும் வளைக்கட்டும். அதையும் எப்போதும் ஒரே விதமாக வளைக்கட்டும்.

முதலில் கல்லை முடிவு செய்யுங்கள்

எரிமலைக் குழம்பு ஆறும்போது சுருங்கி வெடிக்கிறது. பெரும்பாலும் அறுகோணத் தூண்களாகப் பிரிகிறது. உடுப்பிக்கு அருகே செயின்ட் மேரிஸ் தீவுகளில் இதைப் பார்க்கலாம். கருங்கல்லோ வெங்காயத் தோல் போல அடுக்கடுக்காக உரிந்து உருண்டையாகும். அமெரிக்காவின் மரணப் பள்ளத்தாக்கில், ரேஸ்டிராக் பிளாயா என்ற வறண்ட ஏரிப்படுகையில், கற்கள் தாமாக நகர்ந்தது போல நீண்ட தடம் பதித்திருக்கின்றன. உங்கள் பாறை இவற்றில் எதற்கு உறவு? வெயிலில் எவ்வளவு சுடும்? எந்த வாக்கில் பிளக்கும்? நம் சிற்பிகள் கல்லைத் தட்டி, ஓசை கேட்டுத்தான் தேர்ந்தெடுக்கிறார்கள். உங்கள் கதையின் கல்தச்சரும் முதலில் தட்டிப் பார்க்கட்டும். கல்லை நம்பிய வாசகர்தான் அது செய்யும் மாயத்தையும் நம்புவார்.

எல்லையைக் கையால் தொடச் செய்யுங்கள்

இயல்பு உலகம் எங்கே முடிகிறது, வளைவு எங்கே தொடங்குகிறது என்பதைப் பாத்திரம் கண்டறிய ஒரு வழி வேண்டும். ஸ்ட்ருகாட்ஸ்கி சகோதரர்கள் 1972இல் வெளியிட்ட ‘ரோட்சைடு பிக்னிக்’ நாவலில், அபாய மண்டலத்துக்குள் போகிறவன் நட்டுகளை ஒவ்வொன்றாக முன்னால் வீசியபடி நடக்கிறான். ஈர்ப்பு மிகுந்த இடத்தில் நட்டு விழும் விதமே மாறிவிடும். அவன் சுற்றிப் போவான். சில காசு பெறாத ஓர் இரும்புத் துண்டு அந்த இடத்தின் பயங்கரத்தை முழுக்கக் காட்டிவிடுகிறது. உங்கள் ஊர்க்காரர்கள் கையில் என்ன இருக்கிறது? கூழாங்கல்லா, கயிறா, ஆட்டுக்குட்டியா?

பக்கத்தில் குடியிருப்பவர்களைக் கேளுங்கள்

இதுதான் பலர் விட்டுவிடும் இடம். ஏறுவதற்கு நூறடி, இறங்குவதற்கு ஒரு பகல் நடை என்று தூரத்தை வளைக்கும் பாறை ஒன்றை வைத்துக்கொள்வோம். வெளியூரான் பார்த்துத் திகைக்கலாம். அடிவாரத்துக்காரர்கள் திகைக்க மாட்டார்கள். அதற்கேற்ப வாழப் பழகியிருப்பார்கள். கூப்பிடு தூரத்தில் இருக்கும் உச்சிக்குப் போகவும் தூக்குவாளியில் கஞ்சி எடுத்துப் போவார்கள். கைக்குழந்தைக்காரி மேலே ஏற மாட்டாள். வழிதவறிய ஆட்டைத் தேடிக் கிளம்பும் மகனிடம் தாய், “மேலயா போறே? அப்ப ராத்திரிக்கு உனக்கு உலை வைக்கல” என்பாள். அந்த ஒரு வரி, இரண்டு பக்க விளக்கத்தின் வேலையைச் செய்துவிடும். அந்த ஊரில் கூலி எப்படிக் கணக்கிடுவார்கள், வழக்கு வந்தால் எல்லைக்கல்லை எங்கே நடுவார்கள் என்று தொடர்ந்து கேளுங்கள். கதைக்கான முடிச்சு அங்கேதான் கிடைக்கும்.

விளக்கத்தை எவ்வளவு கொடுக்கலாம்?

ரேஸ்டிராக் பிளாயாவின் புதிருக்கு 2014இல் விடை வெளியானது. குளிர்காலத்தில் அங்கே தேங்கும் மெல்லிய நீர்ப்பரப்பு இரவில் உறைகிறது. பகலில் அந்தப் பனித்தகடு உடைந்து, இளங்காற்றில் மிதந்து, கற்களைச் சேற்றில் தள்ளிக்கொண்டு போகிறது. விடை தெரிந்த பிறகும் அந்த இடத்தின் அழகு குறையவில்லை. காரணம், அந்த விடை மிகச் சரியாகப் பொருந்துகிறது.

மறுபக்கம், ஜோன் லிண்ட்சேயின் ‘பிக்னிக் அட் ஹேங்கிங் ராக்’. 1967இல் வந்த இந்த ஆஸ்திரேலிய நாவலில் பாறையருகே கடிகாரங்கள் பன்னிரண்டு மணிக்கு நின்றுபோகின்றன. பள்ளி மாணவிகள் காணாமல் போகிறார்கள். விளக்கம் தரும் கடைசி அத்தியாயத்தை நீக்கிவிட்டே புத்தகம் வந்தது. ஆசிரியர் மறைந்த பின், 1987இல்தான் அது தனியே வெளியானது. விளக்கம் இல்லாமலே நாவல் நிலைத்துவிட்டது.

இரண்டு வழியும் சரிதான். ஆனால் வாசகருக்குச் சொல்கிறீர்களோ இல்லையோ, உங்களுக்கு விதி தெரிந்திருக்க வேண்டும். தெரியாமல் எழுதினால், கதாநாயகன் சிக்கிக்கொள்ளும்போது அவனைக் காப்பாற்றப் பாறையை வேறு மாதிரி நடக்க வைப்பீர்கள். அந்த இடத்தில் வாசகர் புத்தகத்தை மூடிவிடுவார்.

எழுத உட்காரும் முன் ஒரு தாளில் நான்கு வரி எழுதுங்கள்: பாறை எதை வளைக்கிறது, எதுவரை வளைக்கிறது, அதற்கு யார் என்ன விலை கொடுக்கிறார்கள், அதனால் யாருக்கு ஆதாயம். கடைசி இரண்டு வரிகளுக்கு ஆள் பெயரோடு பதில் எழுத முடிந்தால் கதையைத் தொடங்கலாம். முடியாவிட்டால் இன்னும் சில நாள் அந்த ஊரிலேயே இருங்கள்.