கன்டெம்ப்ட் போட்டால் அதிகாரி கம்பி எண்ணுவாரா?

"ஆர்டர் வாங்கியாச்சு. செய்யலேன்னா கன்டெம்ப்ட் போட்டு ஆபீசரை உள்ளே தள்ளிடலாம்." பட்டா, பென்ஷன், பணி நிரந்தரம் என்று ஏதோ ஒன்றுக்காக அரசோடு மல்லுக்கட்டுகிறவர்களிடம் அடிக்கடி கேட்கிற பேச்சு இது. பாதி உண்மை. மீதிப் பாதியில்தான் ஆட்கள் ஏமாறுகிறார்கள்.

முதலில் நீதிமன்ற உத்தரவின் கடைசிப் பத்தியைப் படியுங்கள். 'மனுதாரரின் கோரிக்கையைத் தகுதியின் அடிப்படையில், சட்டப்படி பரிசீலித்து 12 வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும்' என்று இருக்கிறதா? அப்படியானால் நீங்கள் கேட்டதைக் கொடுக்கும்படி நீதிமன்றம் சொல்லவில்லை. ஒரு பதிலைச் சொல்லும்படிதான் சொல்லியிருக்கிறது. பதினோராவது வாரம் 'நிராகரிக்கப்படுகிறது' என்று கடிதம் வந்தால் உத்தரவு நிறைவேறிவிட்டது. நிராகரித்தது தப்பாகவே இருந்தாலும் அதை எதிர்த்துப் புது ரிட் போட வேண்டுமே தவிர, அது கன்டெம்ப்ட், அதாவது நீதிமன்ற அவமதிப்பு ஆகாது. 1996-இல் ஜே.எஸ். பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதைத்தான். ஜெயித்துவிட்டதாக நினைத்து ஊருக்குத் திரும்பியவருக்கு இது கசக்கும். கோப்பு பார்க்கிற அதிகாரிக்கோ இந்த வித்தியாசம் மனப்பாடம்.

'கெடு தாண்டினாலே அவமதிப்பு' என்பதும் சரியில்லை. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் பார்ப்பது, வேண்டுமென்றே மீறினார்களா என்பதை. உத்தரவு அதிகாரி கைக்குப் போய்ச் சேர்ந்ததற்கே சான்று இல்லையென்றால் மனு முதல் படியிலேயே தடுமாறும்.

சரி, மீறியது நிரூபணமானால்? அதிகபட்சம் ஆறு மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். அதிலும் உத்தரவை மீறிய உரிமையியல் அவமதிப்புக்கு முதலில் அபராதம்தான். அது போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் சிறை. மன்னிப்பை ஏற்று விட்டுவிடவும் வழியுண்டு. நடைமுறையில், விசாரணைத் தேதி நெருங்கும்போது அதுவரை அசையாத கோப்பு திடீரென்று நகரும். 'நிறைவேற்றிவிட்டோம்' என்று அரசு வக்கீல் சொல்ல, மனு முடித்துவைக்கப்படும். என்னைக் கேட்டால், இந்த மனுவின் உண்மையான பலன் இதுதான். யாரையோ ஜெயிலுக்கு அனுப்புவதைவிட மனுதாரருக்கு வேண்டியதும் இதுதானே?

அதற்காக 'பெரிய இடத்தை யாரும் தொட மாட்டார்கள்' என்ற எதிர்க்கட்சியிலும் சேர வேண்டாம். அயோத்தி விவகாரத்தில் உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு 1994-இல் ஒரு நாள் சிறை, 2,000 ரூபாய் அபராதம். 2006-இல், தடையை மீறி மர ஆலைகளுக்கு அனுமதி கொடுத்ததற்காக மகாராஷ்டிர அமைச்சர் ஸ்வரூப் சிங் நாயக்குக்கும் வனத்துறை முதன்மைச் செயலாளருக்கும் ஒரு மாதச் சிறை. குண்டூரில் உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குடிசைகளை இடித்தவர், 2025 மே மாதம் துணை ஆட்சியர் பதவியிலிருந்து தாசில்தாராக இறக்கப்பட்டார். சட்டம் சொல்லும் வரம்பையும் தாண்டி ஒரு லட்சம் ரூபாய் அபராதம் வேறு. ஆனால் எடுத்ததற்கெல்லாம் அதிகாரிகளை நேரில் வரவழைக்கக் கூடாது, தேவைப்பட்டால் முதலில் காணொலி வழியே என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்துவிட்டது. ஆகவே, கலெக்டர் கூண்டில் நிற்பதைப் பார்ப்பதற்காக வழக்குப் போடாதீர்கள்.

'அரசு அப்பீல் போயிடுச்சு, இனி ஒன்றும் செய்ய முடியாது' என்பது அலுவலகங்களில் சொல்லி அனுப்பும் சமாதானம். அப்பீல் வேறு, ஸ்டே வேறு. ஸ்டே கிடைக்காதவரை உத்தரவுக்கு உயிர் உண்டு.

காலக்கெடுவில் கோட்டை விடுகிறவர்களும் உண்டு. மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனுப் போட வேண்டும். நினைவூட்டல் கடிதமாக எழுதிக்கொண்டிருந்தால் அந்தக் கணக்கு நிற்காது. உத்தரவு நகல் கைக்கு வந்த அன்றே சம்பந்தப்பட்ட அதிகாரிக்கு சேர்ந்ததற்கான சான்று கேட்டு ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்புங்கள். அந்தச் சான்று கிடைத்ததும் கெடு முடியும் தேதியைக் குறித்து வையுங்கள்.