உழைப்பாளிகள் வாசித்தார்களா?

கேள்வி: கும்மிடிப்பூண்டி சிப்காட் தொழிற்பேட்டைத் தொழிலாளர்கள் செல்பேசியே கதி என்கிறார்கள். உழைக்கும் மக்களிடம் வாசிப்பு என்றாவது இருந்ததா?

பதில்: இருந்தது. வரலாற்றாசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் 'முச்சந்தி இலக்கியம்' என்ற நூல் அதற்குச் சான்று. கொலை, ரயில் விபத்து, வெள்ளம் என அன்றைய பரபரப்பெல்லாம் மட்டமான தாளில், பெரிய எழுத்தில், சில காசுக்குப் பாட்டுப் புத்தகமாக விற்றன. விற்பவரே தெருமுனையில் பாடிக் காட்டினார். 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் பத்தில் ஒருவருக்குக்கூட எழுத்தறிவில்லையே என்று கேட்கலாம். அது எழுதப் படிக்கத் தெரிந்தவர்களின் கணக்கு மட்டுமே. ஒருவர் வாசிக்கப் பலர் கேட்டது அதில் வராது. அந்தப் பாட்டுப் புத்தகங்களை மட்டமான எழுத்து என்று பண்டிதர்கள் ஒதுக்கியதால்தான் அந்த வாசகர்களும் வரலாற்றிலிருந்து விடுபட்டார்கள். செல்பேசியில் கதை கேட்கும் தொழிலாளியையும் அப்படி ஒதுக்காதீர்கள். ஒடியா, இந்தி பேசும் தொழிலாளர்களும் இருக்கும் சிப்காட் பகுதி நூலகங்களில் அவர்கள் மொழிப் புத்தகங்களையும் வையுங்கள்.